மொய் நோட்டில் பெயருள்ள அனைவருக்கும்

அன்புள்ள பெரியப்பா, பெரியம்மா, சித்தப்பா, சித்தி, அத்தை, மாமா, மதினி, அத்தான், ஆச்சி, அப்பத்தா, இன்னும் என்ன முறை சொல்லிக் கூப்பிடுவது என்று எனக்குப் பிடிபடாத எல்லாப் பெரியவர்களுக்கும்,

நாங்கள் இருவரும் நலம். "அந்தப் பிள்ளைகளுக்குள்ள சரியில்லையாமே" என்று யாரோ சொன்னதாக யாரோ சொன்னது உங்கள் காதுக்கும் வந்திருக்கும். என் வீட்டுக்காரர் வாட்ஸ்அப்பில் எங்கள் ஜோடிப் படத்தை எடுத்துவிட்டுப் பைக் படத்தை வைத்தார். பைக் புதிது, அவ்வளவுதான். படம் மாறி அரை மணி நேரம் ஆகவில்லை, பாளையங்கோட்டையிலிருந்து மதினி போன்: "என்னட்டி, ஏதும் சண்டையா?" அடுத்து அவர் பக்கத்துச் சின்னம்மா, அதற்கடுத்து இரண்டு பேரையும் இணைப்பில் போட்டுக்கொண்டு என் அம்மா. பைக் எப்படி ஓடுகிறது என்று மட்டும் ஒருவரும் கேட்கவில்லை. அவருக்கு அதில் உள்ளபடியே வருத்தம்.

இந்த மடலை யார் யாருக்கு அனுப்புவது என்ற கேள்வி வந்தபோது மொய்க் கணக்குதான் கை கொடுத்தது. உசிலம்பட்டியில் நடந்த வரவேற்பில் மண்டப வாசலில் மேசை போட்டு லேப்டாப், பிரிண்டர் சகிதம் உட்கார்ந்திருந்தார்கள். மொய் வைத்த கையோடு பெயர், ஊர், தொகை எல்லாம் அச்சிட்ட ரசீது வந்துவிடும். திருநெல்வேலியில் முகூர்த்தத்தன்று எங்கள் பக்கம் இருந்தது ஓரங்களில் மஞ்சள் தடவிய நோட்டு, முதல் பக்கத்தில் பிள்ளையார் சுழி, அதற்குக் கீழே சித்தப்பாவின் கோழிக் கிறுக்கல். 101-லிருந்து 5001 வரை எல்லாம் இருக்கிறது. மொய் வைத்தவர்கள் ஒரு கம்பெனியில் பங்கு வாங்கியவர்கள் மாதிரி, கேள்வி கேட்க உரிமையுள்ளவர்கள். அதை நாங்கள் மறுக்கவேயில்லை. கொஞ்சமாய்ப் பங்கு வைத்திருப்பவர்கள்தான் பொதுக்குழுவில் மைக்கை விடமாட்டார்கள் என்பது மட்டும் இங்கேயும் சரியாக இருக்கிறது.

ஆகவே, எங்கள் விஷயத்தில் தலையிடாதீர்கள் என்று சொல்ல இதை எழுதவில்லை. தலையிடுங்கள். தலையிடுவதற்கு முன்னால் இரண்டு வீட்டாரும் உங்களுக்குள் ஒரு வார்த்தை பேசிக்கொள்ளுங்கள், அதுதான் வேண்டுகோள். இவர்கள் வடக்கே தலை வைக்காதே என்றால் அவர்கள் மேற்கே கால் நீட்டாதே என்கிறார்கள். வில்லிவாக்கத்தில் எங்கள் படுக்கையறை பத்துக்குப் பத்து. அதில் ஒரு பீரோவும் இருக்கிறது.

பிரச்சினை கல்யாணத்துக்கு மறுநாளே ஆரம்பித்துவிட்டது. எங்கள் ஊரில் மறுவீட்டு விருந்து என்றால் சொதிதான். பாசிப்பருப்பை வேகவைத்து, தேங்காயை முதல் பால், இரண்டாம் பால், மூன்றாம் பால் என்று தனித்தனியாகப் பிழிந்து, காய்களைக் கடைசிப் பாலில் வேகவிட்டு, முதல் பாலைக் கடைசியில் ஊற்றிக் கொதி வருமுன் இறக்கி, எலுமிச்சை பிழிவார்கள். பக்கத்தில் இஞ்சிப் பச்சடி, உருளைக்கிழங்கு. பந்தியில் சாம்பார் கேட்டால் கேட்டவரை ஒரு மாதிரிப் பார்ப்பார்கள். மாப்பிள்ளை வீட்டார் மறுவீடு என்றதும் ஆட்டுக்கறியை மனதில் வைத்து வேனில் ஏறி வந்திருந்தார்கள். எங்களுடையது சைவ வீடு என்று முன்பே சொல்லியிருந்தோம். சைவம் என்றால் கறி மட்டும் இருக்காது என்று அவர்கள் நினைத்திருந்தார்கள். குழம்பும் இருக்காது என்று நினைக்கவில்லை.

"என்னப்பா, மாப்பிள்ளைக்கு வெறும் தேங்காய்ப்பாலை ஊத்திப்புட்டாக" என்று உசிலம்பட்டிப் பெரியப்பா சொன்னது கொஞ்சம் சத்தமாகவே கேட்டது. ஆச்சி விடவில்லை. "சொதி ஊத்தாம மறுவீடா? பொண்ணைக் கட்டிக் குடுத்ததுக்கு வேற என்ன அத்தாட்சி?" என்றாள். நடுவில் உட்கார்ந்திருந்தவர் எதையும் காதில் வாங்காமல் மூன்று தடவை சொதி வாங்கிச் சாப்பிட்டார். எங்கள் பக்கம் அதை "மாப்பிள்ளைக்கு நம்ம கைப்பக்குவம் பிடிச்சுப்போச்சு" என்று எடுத்துக்கொண்டது. அவர் பக்கம் "காலையிலயிருந்து புள்ளையப் பட்டினி போட்டிருக்காக" என்று எடுத்துக்கொண்டது. இரண்டு செய்தியும் அன்று சாயங்காலத்துக்குள் இரண்டு மாவட்டம் முழுக்கப் போய்ச் சேர்ந்தன.

அதற்குப் பின் அவர் ஊரில் விருந்துச் சுற்று. காலையில் ஒரு வீடு, மதியம் ஒரு வீடு, ராத்திரி ஒரு வீடு. நடுவில் "சும்மா ஒரு காப்பித்தண்ணி மட்டும்" என்று கூப்பிட்டு அதிரசமும் முறுக்கும் வைக்கும் வீடுகள் தனி. கறி சாப்பிடாத மருமகளை அந்த வீடுகள் தாங்கிய விதத்தை நான் சாகும்வரை மறக்கமாட்டேன். சின்ன அத்தை என் இலையில் கரண்டியை நீட்டிக்கொண்டே, "கறி வேணாம்னா விடுத்தா, குழம்பை மட்டும் ஊத்திக்க" என்றார். நான் இரண்டு கையையும் இலைமேல் விரித்து மறைத்தேன். "முட்டை சைவந்தானே?" என்று அடுத்த பாத்திரம் வந்தது. எனக்கென்று தனியாக ரசம் வைத்திருந்தார்கள், மணமாக இருந்தது. இரண்டு வாய் சாப்பிட்ட பிறகு உள்ளேயிருந்து ஒரு குரல்: "அது எலும்பு ரசம்டி, புள்ளைக்கு வேற ரசம் இந்தா இருக்கு." யாரும் வேண்டுமென்று செய்யவில்லை. சமையலறையில் பதினோரு பாத்திரம் இருந்தால் எது எது என்று யாருக்குத் தெரியும்? அவர் நிலைமை வேறு. நல்லி எலும்பு முழுக்க மாப்பிள்ளைக்கே. மூன்றாம் நாள் ராத்திரி ஜெலுசில் பாட்டிலைத் தலைமாட்டில் வைத்துக்கொண்டு படுத்தார். மறுநாள் காலை அந்தப் பாட்டிலைப் பார்த்த பெரியம்மா, சைவ வீட்டில் பெண் எடுத்தால் வயிறு இப்படித்தான் ஆகும் என்று தீர்ப்புச் சொல்லிவிட்டார்.

வீடு எடுத்த கதையை விரித்துச் சொல்ல வேண்டியதில்லை. இரண்டு பேருக்கும் சென்னையில் வேலை. இதே சென்னையில் அவருடைய சித்தப்பா வீடு இருக்க, நாங்கள் தனியாக வாடகைக்குப் போனது சிலருக்குப் பெருங்குறை. அவர்களில் ஒருவர் 1986-இல் வந்த விசுவின் 'சம்சாரம் அது மின்சாரம்' படத்தை டிவியில் எப்போது போட்டாலும் உட்கார்ந்து பார்த்துக் கண்ணைத் துடைத்துக்கொள்பவர். அந்தப் படத்தின் முடிவில் மூத்த மருமகள் என்ன கேட்டாள் என்று கொஞ்சம் நினைத்துப் பார்க்கச் சொல்லுங்கள்.

அடுத்தது பஞ்சாங்கம். எங்கள் வீட்டில் வாக்கியம், அவர் வீட்டு ஜோசியர் திருக்கணிதம். ஒன்றில் திதி நிற்கும், மற்றதில் முடிந்துபோயிருக்கும். தாலியைப் பிரித்துக் கோர்க்க அவர் வீட்டில் பதினெட்டாம் பெருக்கைக் குறித்தார்கள். அன்றைக்குச் செய்யாமல் வேறு என்றைக்குச் செய்வது என்பது அவர்கள் நியாயம். ஆடியில் நல்ல காரியமா என்பது அம்மாவின் நியாயம். பேச்சுவார்த்தை ஆவணிக்குத் தள்ளிப்போனது, ஆவணியில் இரண்டு பஞ்சாங்கத்துக்கும் பொதுவாக ஒரு நல்ல நேரம் அகப்படவில்லை. இதெல்லாம் முடிகிறவரை கழுத்தில் மஞ்சள் கயிறு. வெள்ளிக்கிழமை தோறும் மஞ்சளைக் குழைத்துப் பூச வேண்டும் என்பதில் மாமியார் கண்டிப்பு. பூசுகிறேன். அலுவலகத்துக்குப் போட்டுப் போகும் சுடிதார் அத்தனையிலும் கழுத்தோரம் மஞ்சள் வளையம் விழுந்திருக்கிறது. நல்ல நாள் பார்ப்பதை நிறுத்துங்கள் என்று கேட்கவில்லை. இரண்டு ஜோசியரையும் ஒரு நாள் ஒரே அறையில் உட்காரவைத்து, முடிவு சொல்லும்வரை வெளியே விடாதீர்கள்.

ஆடி பிறந்ததும் அம்மா வந்து என்னை அழைத்துப் போனதில் மட்டும் இரண்டு தரப்புக்கும் கருத்து வேற்றுமை இல்லை. ஆடியில் கரு தரித்தால் சித்திரையில் பிள்ளை பிறக்கும், கத்திரி வெயிலில் தாயும் பிள்ளையும் தவிக்கும் என்பது காரணம். மின்விசிறிகூட இல்லாத வீட்டுத் திண்ணையறையில் பிரசவம் பார்த்த காலத்தில் அதில் அர்த்தம் இருந்தது. இப்போது ஆஸ்பத்திரியில் ஏசி போட்டு, போர்வை கொடுத்து, குளிர்கிறதா என்று கேட்கிறார்கள். இருந்தாலும் போனேன். லேப்டாப்பை எடுத்துக்கொண்டு போய் நெல்லையில் உட்கார்ந்து வேலை பார்த்தேன். அம்மா கையால் சாப்பாடு, ஆச்சியோடு நெல்லையப்பர் கோயில், எனக்கு என்ன குறை? குறையெல்லாம் வில்லிவாக்கத்தில்தான்.

பொண்டாட்டி இல்லாமல் பிள்ளை சாப்பாட்டுக்கு என்ன செய்வான் என்று உசிலம்பட்டிப் பெரியம்மாவுக்குக் கவலை. பெண்ணை அழைத்து வந்துவிட்டோமே, மாப்பிள்ளை வாடிப்போவாரே என்று நெல்லை அத்தைக்குக் கவலை. இவர் வருவது அவருக்குத் தெரியாது, அவர் வருவது இவருக்குத் தெரியாது. பெரியம்மா பாண்டியன் எக்ஸ்பிரஸில் ஏறினார். அத்தை ரயிலில் இடம் கிடைக்காமல் பஸ் ஏறினார். விடியுமுன் போன். "மாப்பிள்ளை, மெட்ராஸ் வந்துட்டேன்." எங்கே என்று கேட்டால் கிளாம்பாக்கம். 2023 கடைசியில் அந்தப் பேருந்து நிலையம் திறந்ததிலிருந்து தென்மாவட்டத்துச் சொந்தங்கள் எல்லோரும் அங்கே இறங்கியதும் மெட்ராஸ் வந்துவிட்டதாகத்தான் சொல்கிறார்கள். அங்கிருந்து வில்லிவாக்கத்துக்கு இன்னும் முப்பது கிலோமீட்டருக்கு மேல் இருக்கிறது. என் வீட்டுக்காரர் அத்தையைக் கூப்பிடக் கிளம்பி லிஃப்டில் இறங்கும்போதே அடுத்த போன், எழும்பூரிலிருந்து பெரியம்மா: "ராசா, இறங்கிட்டேன்யா. எந்த வாசல்ல நிக்கிற?"

எட்டு மணிக்கு இரண்டு பேரும் எங்கள் அடுப்படியில் நேருக்கு நேர். அடுப்பில் இரண்டு பர்னர், ஆளுக்கொன்று. இது அவர் குளியலறைக்குள் போய்க் குழாயைத் திறந்துவிட்டு எனக்குப் போனில் கிசுகிசுத்த நேரடி வர்ணனை, ஆகவே சிறிது ஏறக்குறைய இருக்கலாம். அத்தை கொண்டுவந்திருந்த அரைத்த மாவு பிரிட்ஜில் ஏறியது. பெரியம்மா கொண்டுவந்திருந்த மாவு அதற்கு முன்னால் ஏறியது. இரண்டு ஊர்க் குழம்புப் பொடி, இரண்டு ஊர் ஊறுகாய். "எதுக்கெடுத்தாலும் தேங்காயை அரைச்சு ஊத்துனா நெஞ்சு கரிக்காதா சம்மந்தி?" என்று இங்கே. "இவ்வளவு மிளகாய்ப்பொடியா? மாப்பிள்ளை, இதையா தினம் சாப்பிட்டுட்டு ஆபீசுக்குப் போறிய?" என்று அங்கே. கேள்விகள் ஒருவரையொருவர் கேட்டுக்கொண்டவை, பதில் சொல்ல வேண்டியவர் இவர். காலையில் அத்தையின் தோசை, அதன்மேல் பெரியம்மாவின் தோசை. மதியத்துக்கு இரண்டு டிபன் பாக்ஸ். அலுவலகத்தில் அவருக்குப் புதிதாகச் சில நண்பர்கள் கிடைத்தார்கள்.

மூன்றாவது நாள் போன் வரவில்லை. நானே கூப்பிட்டேன். "ரெண்டு பேரும் சீரியல் பாக்குறாங்க" என்றார், ஏதோ இடி விழுந்துவிட்டது போன்ற குரலில். நான்காவது நாள் சம்பந்தி என்பது மதினி ஆகிவிட்டது. பெரியம்மா அத்தையிடம் சொதி வைக்கக் கற்றுக்கொண்டார். அத்தை பதிலுக்கு என்ன கற்றுக்கொண்டார் என்று நான் எழுத மாட்டேன், எங்கள் வீட்டில் படிப்பார்கள். கிளம்பும் முன் இருவரும் சேர்ந்து என் அடுப்படியை ஒழுங்கு செய்துவிட்டுப் போயிருக்கிறார்கள். திரும்பி வந்து உப்பைத் தேடினேன். மளிகைச் சாமான்கள் கல்யாணத்தில் வந்த ஹாட்பாக்ஸ்களுக்குள், ஹாட்பாக்ஸ்கள் பரண்மேல். உப்பு டப்பாமேல் கடுகு என்று எழுதியிருந்தது.

இப்போது அந்த இரண்டு பேரும் தினமும் ராத்திரி ஒன்பது மணிக்குப் போனில் பேசிக்கொள்கிறார்கள். பேசுவது எங்களைப் பற்றித்தான். எதிலும் ஒத்துப்போகாத இரண்டு குடும்பம் ஒன்றாகிவிட்டதே என்று முதலில் மகிழ்ந்தோம். ஒன்றான பிறகு ஒரே குரலில் கேட்க ஆரம்பித்த முதல் கேள்வி: "என்னத்தா, ஏதும் விசேஷம் உண்டா?"

இந்த ஒரு கேள்வியில் வாக்கியமும் திருக்கணிதமும் ஒத்துப்போகின்றன. கல்யாணம் நடந்தது வைகாசியில். ஆடியில் பிரித்து வைத்தது நீங்கள். ஆவணி பிறந்ததும் விசாரிப்பதும் நீங்களே. கணக்கு எங்கே இடிக்கிறது என்று நீங்களே பாருங்கள். தமிழ்நாடு திருமணப் பதிவுச் சட்டம் 2009, கல்யாணத்தைப் பதிவு செய்யவே 90 நாள் தருகிறது. அதைத் தாண்டினாலும் கூடுதல் கட்டணத்தோடு இன்னும் 60 நாள் பொறுக்கிறது. சார்பதிவாளர் அலுவலகத்தில் பத்திரிகையை நீட்டினோம், போட்டோவைக் கொடுத்தோம், கையெழுத்துப் போட்டோம், சான்றிதழ் வந்தது. "பெரியோர்களால் நிச்சயிக்கப்பட்டபடி" என்ற வரியைப் படித்த எழுத்தர்கூட மேற்கொண்டு எதுவும் கேட்கவில்லை, இத்தனைக்கும் நாங்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்ட விதம் அவருக்கு எல்லாவற்றையும் சொல்லியிருக்கும். அரசாங்கத்துக்கு இருக்கும் பொறுமை நமக்கு இருக்கக் கூடாதா?

திருக்கருகாவூர் கர்ப்பரட்சாம்பிகை கோயில் நெய் வந்து சேர்ந்தது. அனுப்பிய மூன்று பேருக்கும் நன்றி. ஒருவர் அனுப்பியது மற்றவருக்குத் தெரியாது என்று நினைக்கிறேன். 48 நாள் ராத்திரி இருவரும் சிறிது சிறிதாகச் சாப்பிட வேண்டும் என்று மூவருமே குறிப்பு எழுதி வைத்திருக்கிறீர்கள். அந்தக் கோயிலுக்கு நானும் சின்ன வயதில் போயிருக்கிறேன், பிராகாரத்தில் தொட்டில் கட்டிவிட்டுக் கலங்கி நிற்கிறவர்களைப் பார்த்திருக்கிறேன். அதனால் நெய்யைக் கேலி செய்ய எனக்கு மனம் வராது.

இந்த இடத்தில் மட்டும் சிரிக்காமல் ஒன்று சொல்ல வேண்டும். விசேஷம் உண்டா என்ற கேள்வியை எல்லோரும் என்னிடமே கேட்கிறீர்கள். அவரிடம் ஒருவர்கூடக் கேட்டதில்லை. அவரிடம் கேட்பது பைக்கின் மைலேஜ் (கடைசியில் அதையாவது கேட்டார்களே என்று அவருக்குச் சந்தோஷம்). போன மாதம் ஒரு கல்யாண வீட்டில் எனக்குத் தூரத்து அக்கா ஒருத்தி, கல்யாணமாகிச் சில வருடம் ஆனவள், பந்தி முடியுமுன் எழுந்து கை கழுவப் போனாள். எதிர் வரிசையில் இருந்த வேறொரு பெரியம்மா பாயசம் கேட்கும் அதே குரலில் அவளிடம் அதைக் கேட்டிருந்தார். இலையில் பாயசம் அப்படியே இருந்தது. அவள் எத்தனை டாக்டரைப் பார்த்திருக்கிறாள் என்று அந்தப் பெரியம்மாவுக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் கேட்டிருக்க மாட்டார், நல்ல மனுஷி. தெரியாத இடத்தில் கேட்காமல் இருக்கலாமே. எங்களிடம் சொல்வதற்கு ஏதாவது இருந்தால் அத்தைக்கும் பெரியம்மாவுக்கும் ஒரே இணைப்பில் போன் போட்டுச் சொல்கிறோம். மற்றவர்களுக்கு அது ஒன்பதரைக்குள் வந்துவிடும்.

சரி, தலைத் தீபாவளிக்கு வருவோம். பெண் வீட்டில்தான் என்பதில் யாருக்கும் மறுப்பில்லை, உசிலம்பட்டி அப்பத்தாவைத் தவிர. எண்பதைத் தாண்டியவர், இந்தத் தீபாவளிக்கு எங்களைப் பார்க்க வேண்டும் என்கிறார். அதற்கு மேல் பேச முடியுமா? ஆகவே நாங்கள் இரண்டு பேரும் சேர்ந்து முடிவு செய்திருக்கிறோம், எந்தப் பஞ்சாங்கத்தையும் பார்க்காமல். விடியற்காலை எண்ணெய்க் குளியலும் புதுத் துணியும் நெல்லையில். ஆச்சி கையால் இஞ்சி லேகியம். பத்து மணிக்குக் கிளம்பினால் மதுரை வழியாக மதியச் சாப்பாட்டு நேரத்துக்கு உசிலம்பட்டி. எனக்குத் தனி அடுப்பில் ரசம் வைத்துவிடுங்கள், பாத்திரத்தின் மேல் பேர் எழுதியிருந்தால் நல்லது. சீர், மோதிரம் விஷயம் இரண்டு வீட்டாரும் பேசிக்கொண்டிருப்பதாகக் கேள்விப்பட்டோம். பேச வேண்டாம். அவருக்கு மோதிரம் விரலில் நிற்பதில்லை, ஏற்கெனவே ஒன்றை வாஷ்பேசினில் விட்டிருக்கிறார்.

இதில் ஒரே ஒரு சிக்கல். முன்பெல்லாம் 120 நாளைக்கு முன்னாலேயே ரயிலில் முன்பதிவு செய்யலாம், 2024 நவம்பர் முதல் அது 60 நாளாகிவிட்டது. முன்பதிவு தொடங்கும் நாளன்று காலை எட்டு மணிக்கு நான் ஒரு லேப்டாப்பிலும் அவர் ஒரு போனிலும் விரலைத் தயாராக வைத்துக்கொண்டு உட்கார்ந்தோம். நெல்லை எக்ஸ்பிரஸில் வெயிட்டிங் லிஸ்ட்தான் கிடைத்தது, அதுவும் மூன்று இலக்கத்தில். கல்யாணப் பந்தியில் தனக்கு ரயில்வேயில் பெரிய ஆளைத் தெரியும் என்று பெரியப்பா மூன்று பேரிடம் சொன்னது எங்கள் காதில் விழுந்தது. நெல்லைச் சித்தப்பாவும் அதையேதான் சொன்னார். பி.என்.ஆர். நம்பரை இரண்டு குரூப்பிலும் போட்டிருக்கிறோம். தயவுசெய்து இருவரும் கலந்து பேசி, யாராவது ஒருவர் எமர்ஜென்சி கோட்டாவுக்குச் சொல்லி இரண்டு பெர்த் வாங்கித் தர வேண்டும்.

இப்படிக்கு,
இரண்டு வீட்டுப் பிள்ளைகளும்

பி.கு.: பெர்த் பக்கத்துப் பக்கத்தில் கிடைக்காவிட்டாலும் பரவாயில்லை. ஆடியில் பழகிவிட்டது.